வர்ணனைக்கு முன்னால் மூடிய கை

அமீரகத்துப் புஜைராவில் நான் வேலை பார்த்த வீடு கடலைப் பார்த்த கட்டடம் ஒன்றின் மேல்மாடியில் இருந்தது. கோடையில் அங்கே காலைகள் வெளுத்துக் கிடக்கும். ஜன்னல் கண்ணாடியின் வெளிப்புறத்தில் ஈரம் படிந்து வழியும். நங்கூரம் போட்ட எண்ணெய்க் கப்பல்கள் தண்ணீரில் நிற்பதாகவே தெரியாது. கடலுக்கும் வானத்துக்கும் நடுவே கோடு அழிந்துபோய், அவை அந்தரத்தில் தொங்கும். குமரி மாவட்டத்துக் கடற்கரையில் பிறந்த எனக்கே அந்தக் கடலை அதிக நேரம் பார்க்கப் பிடிக்காது.

அந்த வீட்டின் பெரியவர் பக்கவாதம் வந்து படுக்கையில் இருந்தார். கோயம்புத்தூர்க்காரர். அமெரிக்காவின் மேற்குக் கரையில் நெடுங்காலம் பொறியாளராக இருந்துவிட்டு, ஓய்வுக்குப் பிறகு மகள் வீட்டோடு வந்துவிட்டவர். பேச்சு இல்லை. கண் திறந்திருக்கும், ஆனால் கூரையைவிட்டு நகராது. மூக்குக் குழாய் வழியாகச் சாப்பாடு. இடது காது பல வருடங்களுக்கு முன்பே போய்விட்டது. வலது காதில் கேட்பதற்கு ஒரு மிஷின். அதைக் காலையில் மாட்டுவதும் இரவில் கழற்றிப் பெட்டியில் வைப்பதும் அவர் மனைவியின் உரிமை. வேறு யாரும் தொடக் கூடாது.

அந்த அம்மா முதல் நாள் என்னை மகளிடம் அறிமுகப்படுத்தும்போது, "பாப்பா, ஆயா வந்திருக்குது பாரு" என்றார்.

"ஆயா இல்லம்மா, நர்ஸ்" என்றேன். "லைசென்ஸ் இருக்கு."

"கோவிச்சுக்காத அம்மிணி. வாய் தவறிருச்சு."

எனக்கு அதில் கோபம் இல்லை. எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முடித்த முதல் ஆள் நான்தான். கையெழுத்துப் போடத் தெரியாத அப்பா அம்மாவுக்குப் பிறந்து, நர்சிங் படித்து, அந்த நாட்டுத் தேர்வை முதல் முறையிலேயே தாண்டியவள். என்னை என்ன பெயரில் கூப்பிட வேண்டும் என்று சொல்லிக்கொடுக்க எனக்கு வெட்கம் கிடையாது.

பெரியவருக்குப் பிடித்த சத்தங்களைக் கேட்கவைத்தால் நல்லது என்று யாரோ சொல்லியிருந்தார்கள். அவருக்குப் பிடித்தது பேஸ்பால். அங்கே இரவில் நடக்கும் ஆட்டம் நமக்குக் காலையில் கேட்கும். மகள் அம்மாவின் ஸ்மார்ட்போனில் அதற்கான செயலியை வைத்துக் கொடுத்திருந்தார். நான் டூட்டிக்கு வரும்போது போன் தலையணைக்குப் பக்கத்தில் நேரடி வர்ணனையைப் பேசிக்கொண்டிருக்கும்.

கிரிக்கெட் வர்ணனை கேட்டுப் பழகிய காதுக்கு அது விநோதமாக இருந்தது. வர்ணனை சொல்லும் மனிதர் அவசரமே படமாட்டார். ஒரு வாக்கியம் சொல்லிவிட்டு நிறுத்திவிடுவார். கூட்டத்தின் முணுமுணுப்பு மட்டும் ஓடிக்கொண்டிருக்கும், பக்கத்து அறையில் நிறையப் பேர் நமக்காகக் காத்திருப்பதுபோல. பிறகு மட்டையில் பந்து படும் சத்தம். பிறகு அவர் குரல். கேட்கக் கேட்க விதிகள் பிடிபட்டன. மூன்று பேர் அவுட்டானால் பக்கம் மாறும் என்று நான் சொன்னபோது அம்மா சிரித்தார்.

"அங்க இருந்தப்ப அத்தன வருசம் அவரு சொல்லிக் குடுத்தும் எனக்கு மண்டைல ஏறல. நீ வந்து ஒரு மாசத்துல ஏத்திக்கிட்டயா?"

"படிக்கது எனக்குப் பழக்கம்மா."

படுக்கைக்கு எதிர்ச் சுவரில் பெரியவரின் புகைப்படம் ஒன்று இருந்தது. அமெரிக்காவில் குழந்தைகள் ஆடும் ஆட்டங்களுக்கு வார இறுதியில் நடுவராக நிற்பாராம். முகத்துக்குக் கம்பிக் கவசம் போட்டுக்கொண்டு, வலது கையை முஷ்டியாக மடக்கி உயர்த்தியிருந்தார். கிரிக்கெட்டில் விரலைத் தூக்குவதுபோல, அங்கே அவுட் என்றால் முஷ்டி.

அவருடைய வலது கை அவ்வப்போது தானாக மூடும். ஸ்பாசம், அதாவது தசை இறுக்கம் என்று நினைத்தேன். மகளிடமும் அப்படித்தான் சொன்னேன். விரல்களை நீவி விடுவேன். ஒரு காலையில் நீவிக்கொண்டிருந்தபோது அந்தக் கை என் கைக்குள்ளேயே மடங்கியது. ஒரு மூச்சு விடும் நேரம் கழித்துப் போனில் வர்ணனையாளர் அவுட் என்றார்.

தற்செயல் என்று விட்டுவிட்டேன். அரை மணி நேரத்தில் மறுபடியும் நடந்தது. கை மூடியது. கூட்டம் அமைதியாகத்தான் இருந்தது. பந்து இன்னும் வீசப்படவே இல்லை. பிறகு மட்டைச் சத்தம், ஓட்டம், அவுட்.

நான் எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றேன். கப்பல்கள் தொங்கிக்கொண்டிருந்தன.

அதற்குப் பிறகு தினமும் கவனித்தேன். கை மூடும், வர்ணனை பின்னால் வரும். ஒருமுறைகூட வர்ணனை முந்தவில்லை. கை மூடிய பிறகு வரும் அந்த இடைவெளியை என்னால் தாங்க முடியவில்லை. அமெரிக்காவில் ஒரு மைதானத்தில் யாரோ ஒரு பையன் மட்டையோடு நிற்கிறான். அவன் அவுட் என்பது அவனுக்குத் தெரியாது, வர்ணனையாளருக்குத் தெரியாது, கூட்டத்துக்குத் தெரியாது. புஜைராவில் கூரையைப் பார்த்துக் கிடக்கும் இந்த மனிதருக்கும், அவர் கையைப் பிடித்திருக்கும் எனக்கும் மட்டும் தெரியும்.

வீடியோ காலில் என் அம்மாவிடம் சொன்னேன். சொல்லியிருக்க வேண்டாம்.

"அந்த மனுசன் பாதி அங்க போயாச்சு மக்களே. அங்க நிக்கவங்களுக்கு எல்லாம் முன்கூட்டியே தெரியும்."

"சும்மா இரி அம்மா."

"சரி, நீ படிச்சவதானே. அப்ப என்னன்னு நீயே சொல்லு."

வேலை இருக்கிறது என்று அழைப்பைத் துண்டித்தேன். அந்தக் கேள்வி என்னைப் பயத்தைவிட அதிகமாக உறுத்தியது.

இதற்கிடையில் வீட்டில் ஒரு முடிவு நெருங்கிக்கொண்டிருந்தது. மருமகனுக்குத் தோஹாவுக்கு மாற்றல் வந்திருந்தது. வியாழக்கிழமை மருத்துவர் வருவார். பெரியவருக்குப் புரிகிறது என்பதற்கு ஏதாவது அடையாளம் இருந்தால் பிசியோதெரபி தொடரும், அவரையும் தோஹாவுக்குக் கூட்டிப்போவார்கள். இல்லையென்றால் கோயம்புத்தூரில் முதியோர் இல்லம் ஒன்றில் படுக்கை பார்த்து வைத்திருந்தார்கள். போன இரண்டு முறையும் மருத்துவர் அவர் கையைப் பிடித்து, கையை மூடச் சொல்லி ஆங்கிலத்தில் கேட்டார். கை மூடவில்லை. கேட்காத நேரத்தில் மூடியது. அதனாலேயே அதற்கு அர்த்தமில்லை என்றார்.

"இல்லத்துல தள்றதுக்கா இங்க கூட்டியாந்த?" என்று அம்மா சாப்பாட்டு மேசையில் கேட்டார்.

"தள்றது இல்லம்மா. அப்பாவுக்கு நாம யாருன்னே தெரியல. சிஸ்டரே சொன்னாங்க, கை அசையறது ஸ்பாசம்னு." மகள் என்னைப் பார்த்தார். "சொன்னீங்கதானே?"

"அப்ப சொன்னேன் அக்கா. இப்ப உறுதியா சொல்ல முடியல."

"ஏன், என்ன மாறுச்சு?"

கை முந்துகிறது என்று எப்படிச் சொல்வது? எங்கள் அம்மா சொன்ன மாதிரி ஆகிவிடும். "பாத்துட்டுச் சொல்லுதேன்" என்றேன்.

வியாழக்கிழமை காலை ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போது, கோயம்புத்தூரிலிருந்து அம்மாவின் தங்கை கூப்பிட்டார். அழைப்பு வந்ததும் வர்ணனை நின்றது. அம்மா போனை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போய்விட்டார். மருத்துவர் வருவதற்கு முன்னால் உடம்பு துடைத்துவிடலாம் என்று நான் துணியை நனைத்தேன்.

அறையில் ஏசியின் இரைச்சலைத் தவிர எதுவும் இல்லை. அவர் கை மூடியது.

ஆட்டம் இல்லை. போன் இல்லை. கை மெல்லத் திறந்தது. நான் துணியைப் பிடித்தபடி நின்றேன். கொஞ்ச நேரம் போய் மறுபடியும் மூடியது. சுவரில் இருந்த புகைப்படத்தில் அதே கை, அதே முஷ்டி. அந்த நேரத்தில் நான் ஜெபமாலையைத் தேடவில்லை என்று சொன்னால் பொய். ஆனால் அது என் பையில், வெளி அறையில் இருந்தது. அதனால் வேலையைச் செய்தேன். முகத்தைத் துடைத்தேன், கழுத்தைத் துடைத்தேன். தண்ணீர் வழிந்து காதுக்குள் போயிற்று. மிஷின் நனைந்துவிடுமே என்று அவசரமாகக் கழற்றினேன்.

உள்ளங்கையில் மூடினால் இந்த மாதிரி மிஷின் கீச்சென்று கத்தும். படிக்கும்போதே பார்த்திருக்கிறேன். இது கத்தவில்லை. அதற்குப் பதிலாக, என் கைக்குள் யாரோ பேசினார்கள்.

கையைக் காதருகே கொண்டுபோனேன். பூச்சி அளவுக்கு ஒரு ஆள். அவசரப்படாத அதே ஆங்கிலக் குரல். அவருக்குப் பின்னால், கொசுக்கூட்டம் போல ஆயிரக்கணக்கான பேர் கத்திக்கொண்டிருந்தார்கள்.

"அம்மா" என்று கூப்பிட்டேன். என் குரல் எனக்கே அடையாளம் தெரியவில்லை.

அவர் ஓடி வந்தார். மிஷின் என் கையில் இருப்பதைப் பார்த்ததும் முகம் மாறியது. "அதயெதுக்குக் கழட்டுன?"

"இதுக்குள்ள ஆட்டம் ஓடுதும்மா. உங்க போன்ல இல்ல. வேற எங்கயோ இருந்து வருது. இந்த மிஷின் போன்ல கனெக்ட் ஆகும். அப்பா வச்சிருந்த போன் எங்க?"

"அது சாமிகிட்ட இருக்குது."

அந்த வீட்டில் பூஜை அலமாரி படுக்கையறைச் சுவருக்கு நேர் பின்னால் இருந்தது. நான் அதன் பக்கம் போனதே இல்லை. யாரும் வேண்டாம் என்று சொன்னதில்லை. ஆனால் வேற்று மதத்துக்காரி, அவர்களுடைய சாமி இடம், நானாக ஒதுங்கிப் போவேன். பெரியவர் படுக்கையில் விழுந்த வாரத்தில் அம்மா அந்தப் போனுக்குக் குங்குமம் வைத்து, பட்டுத்துணியில் சுற்றி, சார்ஜ் வயரோடு சேர்த்து அலமாரிக்குள் வைத்திருக்கிறார். எழுந்து வந்ததும் முதலில் அதைத்தான் கேட்பார், அதுவரை அது அணையக் கூடாது என்று வேண்டுதல். விளக்கு ஏற்றுவதுபோல அதையும் பார்த்துக்கொண்டிருந்தார். திறந்து மட்டும் பார்த்ததில்லை.

"நீங்களே எடுங்கம்மா" என்றேன்.

துணியைப் பிரித்தார். போன் சுட்டது. குங்குமப் பொட்டுக்குக் கீழே, திரையில் அவர் இருந்த அமெரிக்க ஊரின் வானொலி ஓடிக்கொண்டிருந்தது. வெளியே சத்தம் இல்லை. எல்லாம் மிஷினுக்குப் போய்க்கொண்டிருந்தது.

மகளுக்குப் போன் போட்டோம். "அப்பா அப்படித்தான் செட் பண்ணியிருந்தாரு" என்றார். "விடிஞ்சதும் அதுவே ரேடியோவத் தொறந்துக்கும். மிஷின் போட்ட உடனே அதுல கனெக்ட் ஆயிரும். அது ஓடறப்ப வெளிச் சத்தம் எதுவும் உள்ள போகாது. அப்பாவே அப்படி வெச்சுக்கிட்டாரு. அம்மா பேச்சு தொந்தரவா இருக்குதுன்னு விளையாட்டுக்குச் சொல்லுவாரு."

இரண்டு போனிலும் ஒரே ஆட்டம், ஆனால் அவருடைய வானொலி அம்மாவின் செயலியைவிடக் கொஞ்சம் முன்னால் ஓடியிருக்கிறது. கை முந்தியதன் ரகசியம் அவ்வளவுதான். எனக்கு நிம்மதியாக இருந்திருக்க வேண்டும். ஆனால் அவுட் என்று கேட்டுக் கையை மூடுகிறவர் எப்படி எதுவும் புரியாதவராக இருப்பார் என்ற எண்ணம் அடுத்த நொடியில் வந்தது. அப்படியென்றால் இத்தனை மாதமும் அவர் உள்ளேதான் இருந்திருக்கிறார்.

அம்மா வேறொன்றைக் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார். "அப்ப நான் காதுல சொன்னதெல்லாம்?"

தினமும் அவர் குனிந்து அந்தக் காதில் பேசுவார். சில நாள் அழுவார்.

அவர் திரையைத் தொட்டு வானொலியை நிறுத்தினார். மிஷினைத் துடைத்து மாட்டினோம். பெரியவர் அசையவே இல்லை. நான் கூப்பிட்டேன், அம்மா கூப்பிட்டார். கை திறந்தபடியே கிடந்தது. இப்போது அதுவும் நின்றுவிட்டதே என்று அந்த விரல்களை நீவிப் பார்த்தேன். ஒருவேளை அந்தக் குரல்தான் அவரை இந்தப் பக்கம் பிடித்துவைத்திருந்ததோ என்று தோன்றியது. படித்தவள் நினைக்கக்கூடாத நினைப்பு.

மருத்துவர் வந்தார். மகளும் வேலையிலிருந்து வந்துவிட்டார். நடந்ததை மருத்துவரிடம் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, பெரியவரின் கையைப் பிடித்தார். கேட்டால் கையை மூடுங்கள் என்று ஆங்கிலத்தில் நிதானமாகச் சொன்னார். மூடவில்லை. இன்னொரு முறை சொன்னார். மூடவில்லை. மகள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"டாக்டரக் கொஞ்சம் தள்ளி நிக்கச் சொல்லு அம்மிணி" என்றார் அம்மா. "ஆம்பளக் குரல்ல இங்கிலீசு. ரேடியோன்னுதான் நெனச்சுக்குவாரு."

நான் மருத்துவரிடம் சொன்னேன். அவர் விலகி நின்றார். அம்மா குனிந்தார்.

"ஏனுங்க, நாந்தானுங்க. ரேடியோவ நிறுத்தியாச்சு. ஆட்டம் முடிஞ்சுருச்சு. நான் பேசறது கேட்டா, அந்தக் கைய மூடுங்க. அவுட்டு குடுப்பீங்கல்ல, அந்த மாதிரி."

கட்டைவிரல் முதலில் அசைந்தது. பிறகு மற்ற விரல்கள், ஒவ்வொன்றாக, எதையோ இழுத்துக்கொண்டு வருவதுபோல. முஷ்டி மூடியது. மருத்துவர் திறக்கச் சொன்னார், அம்மா தமிழில் சொன்னார், திறந்தது. மறுபடியும் மூடச் சொன்னார், மூடியது.

கோயம்புத்தூர்ப் படுக்கையை மகள் அன்றைக்கே வேண்டாம் என்று சொல்லிவிட்டார். பெரியவரோடு நானும் இப்போது தோஹாவில் இருக்கிறேன். பேச்சு கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பியிருக்கிறது. ஆட்டம் வேண்டுமா என்று கேட்டால் தலையை அசைத்து மறுத்துவிடுவார்.

அந்த மாதங்களைப் பற்றி ஒரே ஒருமுறைதான் சொன்னார். அம்மா கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தார். சொற்களுக்கு நடுவே நீளமான இடைவெளி விட்டார், அந்த வர்ணனையாளரைப் போல.

"உங்க மூஞ்சியெல்லாம் மேல வரும். வாய் அசையும். நீ அழுவ." அம்மாவைப் பார்த்தார். "ஆனா அந்தாளு குரல்ல பேசுவ. எல்லாருமே அந்தாளு குரல்லதான் பேசுனீங்க."

அம்மா கரண்டியைக் கீழே வைத்துவிட்டார்.

இப்போதும் நான் ஏதாவது கேட்டால் அவர் உடனே பதில் சொல்வதில்லை. கொஞ்ச நேரம் என் உதடுகளையே பார்க்கிறார். வருவது என் குரல்தான் என்று உறுதியான பிறகுதான் வாயைத் திறக்கிறார்.