மூன்றாம் பாகத்தில் கொலைகாரன் நான்

துணை நடிகனுக்கு நடிப்பதைவிடக் காத்திருப்பதுதான் பெரிய வேலை. என்னைப் போலவே படங்களில் கூட்டத்தில் ஒருவராக நிற்கும் துணை நடிகர்களான உங்களுக்கு இதைச் சொல்லவே வேண்டாம்.

செத்தவன் சிரிப்பு

மூன்று பாகமாக வந்த ஒரு கொலைக் கதைப் படத்தின் முதல் பாகத்தில் முதல் பிணம் நான். பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும், அபசகுனம் கழியும் என்பது நம் வழக்கம். சிரித்துவிட்டு வீட்டுக்குப் போய்விட்டேன்.

கடைசிப் பாகமான மூன்றாவதை எடுக்கும்போது இயக்குநர் கூப்பிட்டார். அந்த ஆள் சாகவே இல்லையாம். எல்லாக் கொலைகளையும் செய்தவனே அவன்தானாம். அந்தப் பழைய சிரிப்பையும் படத்தில் வைக்கப் போகிறாராம். "ஏன் சார் நான்?" என்றேன்.

"அன்னிக்கு நீங்க சிரிச்சதை எடிட்டிங்ல பார்த்தேன். எனக்கே ஒரு மாதிரி ஆயிடுச்சு சார்."

கண்ணாடி

இத்தனை வருஷத்தில் எனக்குக் கிடைத்த முதல் நிஜ வேடம். நடித்துவிடுவேன், அதில் சந்தேகமில்லை. ஆனால் இந்தச் சாதுவான முகத்தைப் பார்த்து, முடிவில் தியேட்டரே சிரித்துவிட்டால்? மூன்று படமும் பாழ். அந்தச் சிரிப்பு எனக்குள் எங்கே இருந்தது? யார் யாரிடமோ கோபப்படாமல் விழுங்கியதெல்லாம் அதில் வந்துவிட்டதா? சிட்லபாக்கம் வீட்டுக் கண்ணாடி முன் நின்று தேடினேன். முடிவை யாரிடமும் சொல்லக் கூடாது என்பதால் மனைவிக்கும் விஷயம் தெரியாது.

"பல்லு வலின்னா டாக்டர்கிட்ட காட்டுங்க. கண்ணாடிகிட்ட காட்டி என்ன ஆகப்போகுது?"

ஆட்டோ

டப்பிங்குக்குப் போகத் தாம்பரத்தில் ஆட்டோ ஏறினேன். ஓட்டுநர் திரும்பித் திரும்பிப் பார்த்தார். மூன்றாம் பாகத்திலும் இருக்கிறேன் என்று மட்டும் சொன்னேன்.

"நீ மொத பார்ட்லயே பூட்டியே சார். இதுல இன்னா வேலை கீது உனக்கு? போட்டோவுல மாலை போட்டுகினு தொங்கப் போறியா?"

முதல் நாள்

படம் வந்த அன்று மனைவியைத் தாம்பரம் தியேட்டருக்கு அழைத்துப் போனேன். கடைசிக் காட்சியில் பிணம் கண் திறந்து சிரித்தது. விசில் இல்லை, பாப்கார்ன் கொறிக்கும் சத்தம்கூட இல்லை. ஒருவரும் சிரிக்கவில்லை. என் கைமேல் இருந்த மனைவியின் கை மெதுவாக விலகியது.

எங்கள் வீட்டு ஸ்கூட்டரை எப்போதும் அவள்தான் ஓட்டுவாள். நான் பின்னால் உட்காருவேன். அன்று பார்க்கிங்கில் சாவியை என்னிடம் நீட்டினாள்.

"நீங்களே ஓட்டுங்க. உங்களைப் பின்னாடி வெச்சுக்கிட்டு என்னால வண்டி ஓட்ட முடியாது."

கல்யாணமான நாளிலிருந்து என்னை அதட்டி வந்தவளையே ஒரு சாயங்காலம் முழுக்கப் பயப்பட வைத்துவிட்டேன், மறுநாள் காலை பால் பாக்கெட் வாங்கப் போனது என்னவோ நான்தான் என்றாலும்.