பதினோரு அடி

சன்னிவேலில் என் பக்கத்து அறையில் ஒரு ஜப்பானியக் கிழவர் இருந்தார். நான் எட்டாம் வகுப்போடு ஊரைவிட்டுக் கிளம்பி, கப்பலிலும் ஓட்டல்களிலும் காலம் தள்ளி அங்கே வந்து சேர்ந்தவன். அவர் ஜப்பானில் முப்பது வருஷம் சினிமா கேமராமேன். ஃபோகஸ் வைப்பதற்காக லென்ஸிலிருந்து நடிகரின் கண்வரை டேப் பிடித்து அளக்கும் உதவியாளாகச் சேர்ந்து மேலே வந்தவர். ஸ்டூடியோவை மூடியதும் மகளை நம்பி வந்தார். மகள் வேறு ஊருக்குப் போய்விட்டாள். எங்களுக்குள் அரைகுறை ஆங்கிலம்தான்.

அப்போது நான் கல்யாண வீடியோ எடுக்கும் ஒரு தமிழரிடம் விளக்குப் பிடித்துக்கொண்டிருந்தேன். அவருக்குக் கேமராவுக்கு ஆள் தேவைப்பட்டது. கிழவரைச் சொன்னேன்.

"ஒரு கல்யாணம் பாப்போம். நல்லா வந்தா சீசன் முழுக்க அவர்தான்" என்றார்.

அன்றே கிழவர் போய் முடி வெட்டிக்கொண்டு வந்தார்.

கல்யாணம் சான்டா கிளாராவில், ஒரு பள்ளிக்கூட ஹாலில். கிழவர் கேமராவின் ஆட்டோ ஃபோகஸை அணைத்தார். பழைய டேப்பை எடுத்து, பெண்ணின் கழுத்துவரை அளந்தார். பதினோரு அடி. ஃபோகஸை அந்தத் தூரத்தில் நிறுத்தினார்.

"அண்ணா, பிளவுஸுக்கு அளவு எடுக்கறாரா?" என்று மணப்பெண் என்னிடம் கேட்டாள்.

தாலி கட்டும்போது சபையே எழுந்து அட்சதையோடு முன்னால் வரும் என்பதை நான் அவரிடம் சொல்லியிருக்கவில்லை. சொல்ல வேண்டிய விஷயமாகவே தோன்றவில்லை.

"கெட்டிமேளம்!" என்றார் ஐயர். யாரோ மேளக் கேசட்டைத் தட்டினார்கள். லென்ஸுக்கு முன்னால் வரிசையாகப் பட்டுப் புடவை முதுகுகள். ஒரு மாமா தன் சின்ன வீடியோ கேமராவைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்திருந்தார். என் இரண்டு கையிலும் விளக்கு. "உக்காருங்க சார், உக்காருங்க!" என்று கத்தினேன். மேளத்தில் யாருக்கும் கேட்கவில்லை. கிழவர் கண்ணையும் எடுக்கவில்லை, கேமராவையும் அசைக்கவில்லை.

முடிந்ததும் என்னிடம் வந்து, "ஒன்ஸ் மோர். சொல்லு" என்றார். முடியாதென்று தலையாட்டினேன். அவரே மேடைக்குப் போய்க் குனிந்து வணங்கி, தாலியைக் கழற்றி மறுபடி கட்டும்படி சைகை காட்டினார்.

"ரீடேக்காம்டா மாப்ளே!" என்று ஒருவன் சிரித்தான்.

பெண்ணின் அம்மா சிரிக்கவில்லை. "கட்டின தாலியைக் கழட்டுறதா? யாருங்க இந்த ஆளைக் கூட்டிட்டு வந்தது?"

நான் விளக்கோடு நின்றேன்.

மறுநாள் முதலாளி கேசட்டைப் போட்டுப் பார்த்தார். மங்கலாகப் பட்டு நிறங்கள்தான். நடுவே இரண்டு முழங்கைகளுக்கு இடையில், கண் இமைக்கும் நேரம், பெண்ணின் கழுத்தும் முடிச்சுப் போடும் விரல்களும் வந்து போயின. மஞ்சள் கயிற்றின் முறுக்குவரை துல்லியம்.

"பாத்தீங்களா சார்?"

அந்த இடத்தில் நிறுத்தினார். படம் கோடு கோடாக நடுங்கியது.

"என்னய்யா தெரியுது இதுல? அந்த மாமா எடுத்ததை வாங்கிச் சேத்துடலாம். பெரியவர் வேணாம்ப்பா."

நான் திரும்பியபோது கிழவர் அறைக் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"ஷார்ப்?" என்று கேட்டார்.

"ஷார்ப்" என்றேன்.

தலையை ஆட்டிக்கொண்டு டேப்பைத் துணியால் துடைத்தார்.