வட்டையில் கிடைத்த கை

யாவாத் தீவின் ஆற்றங்கரையில் கிடைத்த மண்டையோட்டு மூடியையும் தொடை எலும்பையும் வைத்துக்கொண்டு, இது மனிதனா குரங்கா என்று படித்தவர்கள் ஆண்டுக்கணக்கில் ஒருவரையொருவர் கடித்துக் குதறினார்கள். சீனத்து மருந்துக்கடையில் அரைத்துக் குடிக்க விற்ற பல்லில் இருந்துதான், அழிந்துபோன ஒரு பெரிய வாலில்லாக் குரங்கே உலகத்துக்குத் தெரியவந்தது. உயிரியல் வகுப்பில் இதையெல்லாம் சிரித்துக்கொண்டுதான் படிப்பிப்பேன். பிள்ளைகளும் சிரிப்பார்கள். போன சிறுபோக நெல் அறுவடைக்குப் பிறகு எனக்கு அந்தச் சிரிப்பு வருவதில்லை.

உன்னிச்சைப் பக்கத்து வட்டையில் வாய்க்கால் வெட்டிய பெக்கோ இயந்திரம் ஒரு கையைத் தோண்டிப் போட்டது. வெறும் எலும்பு, ஐந்து விரலும் மண்ணோடு ஒட்டியபடி. அதே வயல்வெளியில்தான், சண்டைக்காலத்து இராணுவச் சுற்றிவளைப்பு ஒன்றில், கதிர் அறுத்துக்கொண்டு நின்ற அத்தானைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அன்றிலிருந்து அக்காவுக்குத் தான் மனைவியா கைம்பெண்ணா என்று தெரியாது. எங்கள் பக்கத்தில் மண்ணுக்குள் எலும்பைக் கண்டால் மாடா மானா என்று யாரும் கேட்பதில்லை. யாருடைய ஆள் என்றுதான் கேட்பார்கள்.

செய்தி கல்லடியில் எங்கள் வீட்டுக்கு வந்ததும் அக்கா கட்டிய சேலையோடு என் மோட்டார் சைக்கிளில் ஏறிவிட்டாள். கலியாணம் கட்டாமல் அவள் வீட்டில் ஒண்டிக்கிடக்கிறவன் நான். அவள் போ என்றால் போகவேண்டியதுதான்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது அடிபிடி தொடங்கியிருந்தது. கிரானில் இருந்து வந்த ஒரு தாய் அந்தக் கையை மடியில் வைத்துக்கொண்டு தன் மகன் என்றாள். இன்னொருத்தி அவள் கொண்டையைப் பிடித்து இழுத்துச் சேற்றில் தள்ளினாள். திரும்ப மூடிவிட்டு வேலையைப் பார்ப்போம் என்று வாய்விட்ட பெக்கோ சாரதியின் மண்டையை யாரோ மண்வெட்டிப் பிடியால் உடைத்தார்கள். இரத்தம் காதுவழியே அவன் சட்டைக்குள் வடிந்தது. பெக்கோவின் கண்ணாடியும் நொறுங்கியது.

அக்கா அதையெல்லாம் பார்க்கவில்லை. அந்தக் கையையே பார்த்துக்கொண்டு வரம்பில் உட்கார்ந்தாள். பொட்டை உள்ளங்கையால் தேய்த்து அழித்தாள். பிறகு தாலிக்கொடியைப் பிடித்து இழுத்தாள். கழுத்தைக் கிழித்துக்கொண்டு அது அறுந்து வந்தது. இத்தனை வருடம் யார் சொல்லியும் கழற்றாத தாலி.

"வாத்தியார விடுங்க, அவர் பாத்துச் சொல்லட்டும்," என்று வயலுக்குச் சொந்தக்காரரான போடியார் என்னைத் தள்ளிவிட்டார்.

பார்த்தேன். தடித்த விரல் சுண்டுவிரல் பக்கத்தில் இருந்தது. பெருவிரல் இருக்கவேண்டிய இடத்தில் மெலிந்த சின்ன எலும்பு. நகத்தோடு சேர்த்துத் தோல் உரித்த கரடியின் கை இப்படித்தான் கிடக்கும். குழிக்குள் இறங்கிக் கிளறினேன். என் சின்னவிரல் அளவு வேட்டைப்பல்லோடு ஒரு தாடை வந்தது.

"இது கரடி," என்றேன்.

முதல் உதை முதுகில் விழுந்தது. "மூடி மறைக்க வந்திரிக்கான்," என்று ஒருவன் கத்தினான். வாய் நிறையச் சேறு. படுத்தபடியே தாடையைத் தூக்கிக் காட்டினேன். பல்லைக் கண்டவர்கள் ஒவ்வொருவராக விலகினார்கள். கிரான் தாய் மட்டும் கையை விடவில்லை.

அப்போதுதான் அக்கா வந்தாள். தாடையைப் பறித்து அதாலேயே என் முகத்தில் அடித்தாள். புருவம் கிழிந்தது.

"மனிசன் எண்டு சொல்லுடா. ஒரு சொல்லுதானே. எனக்கு இத முடிச்சுத் தாடா."

"கரடிதான், அக்கா."

மறுபடியும் அடித்தாள். நான் தடுக்கவில்லை. அவள்மேல் எனக்குக் கோபமும் இல்லை. அத்தானைக் கொண்டுபோனவர்கள் அந்த நேரம் எதிரில் நின்றிருந்தால் அந்தப் பல்லாலேயே கிழித்திருப்பேன். பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிறவன் சொல்லக்கூடாத பேச்சு. இருந்தாலும் சொல்கிறேன்.

கை ஓய்ந்ததும் அவள் தாடையை மடியில் வைத்துச் சேலைத் தலைப்பால் சேற்றைத் துடைத்தாள். "கரடிக்கும் எலும்பு மிஞ்சியிரிக்கு," என்றாள்.

வீட்டுக்கு வந்து முகம் கழுவிப் பொட்டு வைத்தாள். அறுந்த கொடியைத் தட்டாரிடம் கொடுத்து ஒட்டி வருகிறேன் என்று கை நீட்டினேன். அவள் அதைத் தலையணைக்குக் கீழே வைத்தாள்.

"நீ தொடாத. கட்டினவர் வந்து கட்டட்டும்."