கண்ணாடி பங்களாவின் படிக்கட்டில் எஸ்தர் அக்கா

செய்தி வந்தபோது நான் ஸ்ரீவில்லிபுத்தூரில் என் வீட்டு வாசலில் கேஸ் வண்டிக்காகக் காத்துக்கொண்டிருந்தேன். எங்களுக்குச் சுற்றுலா வேன் ஓட்டும் முருகேசன் அண்ணன் அழைத்தார். பின்னால் வண்டியின் இன்ஜின் ஓடிக்கொண்டிருந்தது. "செண்பகம், எஸ்தர் அக்கா போயிட்டாவ. மத்தியானம் சாப்பிட்டுப் படுத்தவிய, எந்திரிக்கல" என்றார். சிலிண்டரை இறக்கிய பையன் கையெழுத்துக் கேட்டதும், நான் போட்டதும் நினைவிருக்கிறது. அதற்குப் பிறகு அக்கா குடியிருந்த செட்டியார்பட்டிக்குப் போய்ச் சேர்ந்தது எப்படி என்று நினைவில்லை.

மறுநாள் அடக்க ஆராதனையில் எனக்குப் பின்னால் இரண்டு பெண்கள் தாழ்ந்த குரலில் பேசிக்கொண்டார்கள். "ஆவி பேசுனா இவியளுக்குக் கேக்குமாம்லா?" "ஆமா, பங்களா விழப்போவுதுன்னு சொவரே சொல்லுச்சாம்." அன்று மாலைக்குள் அந்தக் கதை மூன்று விதமாக என் கைபேசிக்கு வந்துவிட்டது. ஒன்றில் அக்கா மயங்கி விழுகிறார். இன்னொன்றில் வெள்ளைப் புடவைக்காரி ஒருத்தி படியில் நிற்கிறாள். அக்காவை அறிந்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். பங்களாவில் அது நடந்த அன்று நான் அங்கே இருந்தேன். நடந்தது இந்தக் கதைகளைவிடக் குறைவு. ஆனால் எனக்கு இன்றும் உடம்பு சிலிர்ப்பது நடந்ததை நினைத்தால்தான்.

அறியாதவர்களுக்கு இரண்டு வரி. எஸ்தர் அக்கா கான்சாபுரத்தில் பிறந்தவர். பிளவக்கல் பக்கம் ஓர் அரசு அலுவலகத்தில் கட்டட வரைபடம் போடும் வேலையில் இருந்து ஓய்வு பெற்றார். அதன் பிறகு எங்கள் பகுதியின் கட்டடக் கலையை வெளியூர்க்காரர்களுக்கு நடந்து காட்டும் வழிகாட்டியானார். சனி, ஞாயிறு காலையில் ஸ்ரீவில்லிபுத்தூர் கோபுரத்தடியில் தொடங்கி, வேனில் ராஜபாளையம் போய், கண்ணாடி பங்களாவில் முடிப்போம். அவர் முன்னால் பேசிக்கொண்டு போவார். யாரும் பின்தங்கிவிடாமல் பார்த்துக்கொண்டு நான் கடைசி ஆளாக நடப்பேன். ஒன்பது ஆண்டுகள் இப்படித்தான்.

கோபுரத்தின் கீழே ஒருமுறை ஒரு பெரியவர், "நீங்க கிறிஸ்தவங்க. எங்க கோயிலைப் பத்தி நீங்க எப்படிச் சொல்லலாம்?" என்று கேட்டார். அக்கா கோபுரத்தை நிமிர்ந்து பார்த்துக்கொண்டே, "சாமியப் பத்தி நீங்க சொல்லுங்கய்யா, நானும் கேட்டுக்கிடுதேன். கட்டுனவன் கையப் பத்தி மட்டும் நான் சொல்லுதேன்" என்றார். அன்று பாதி வழி அந்தப் பெரியவர்தான் பேசினார். அக்கா அவர் பக்கத்தில் நின்று தலையாட்டிக் கேட்டார்.

கண்ணாடி பங்களாவைப் பஞ்சு வியாபாரி ஒருவர் மூன்று தலைமுறைக்கு முன் கட்டினார். வாரிசுகள் வெளியூரில் இருக்கிறார்கள். வரதராஜன் என்ற மேனேஜர் பார்த்துக்கொள்கிறார். நடுவில் முட்டை வடிவில் ஒரு பெரிய கூடம். கூரை கவிழ்த்த தோணி போல வளைந்திருக்கும். கிழக்கு ஜன்னல்களின் வண்ணக் கண்ணாடி வழியாக வெயில் வரும்போது, பக்கத்தில் நிற்பவரின் முகம் பச்சையாகவோ சிவப்பாகவோ மாறிவிடும். கூடத்தைச் சுற்றி மேலே மரத்தாலான ஒரு நடைமாடி. அங்கே ஏறினால்தான் கூரை ஓவியம் சரியாகத் தெரியும். சிறகு முளைத்த வெள்ளைக்காரக் குழந்தைகளும் வெண்ணெய் திருடும் கண்ணனும் அதில் ஒரே மேகத்தில் உட்கார்ந்திருப்பார்கள். அதைப் பார்க்கத்தான் எல்லாரும் வருவார்கள்.

கடைசி ஆளாக நடக்கும் எனக்கு அந்தக் கூடத்தில் ஆரம்பத்தில் பயமாக இருந்தது. எனக்குப் பின்னாலும் ஒருவர் நடந்து வருவதுபோல இருக்கும். நான் நின்றால் அரை நொடி கழித்துத்தான் அந்தக் காலடி நிற்கும். அக்காவிடம் சொன்னேன். "அது உன் காலடிதாண்டி. கூரை வளைவு திருப்பித் தருது" என்றார். நான் நிம்மதியாகத் திரும்பியபோது, "இருந்தாலும் ஒருதரம் திரும்பிப் பாத்துக்கோ. நாம காவலுக்குத்தான வாரோம்" என்றார். சிரிக்காமல்தான் சொன்னார்.

கூடத்தின் இரு முனைகளிலும் சுவரில் ஆள் நிற்கும் அளவுக்குக் குடைந்த மாடம் ஒன்று உண்டு. மேற்கு மாடத்தில் ஒருவரைச் சுவரைப் பார்த்து நிற்கச் சொல்லிவிட்டு, அக்கா எதிர்முனையில் கிழக்கு மாடத்துக்குப் போய் உதட்டளவில், "சாப்பிட்டாச்சா?" என்பார். நாற்பதடி தள்ளி நிற்பவர் காதுக்குள் யாரோ கேட்டதுபோலத் துள்ளித் திரும்புவார். நடுவில் நிற்கும் எங்களுக்கு ஒன்றும் கேட்காது. அதுவும் கூரை வளைவின் வேலைதான். அந்த விளையாட்டுக்கு எல்லாரும் கை தட்டுவார்கள்.

பங்களாவை அக்கா தன் கையாலேயே டேப் பிடித்து அளந்து வரைபடம் போட்டிருந்தார். அதில் மேற்கு மாடத்துக்குப் பின்னால் பென்சிலில் ஒரு கேள்விக்குறி இருந்தது. "வெளிய அளந்தா ஒரு கணக்கு, உள்ள அளந்தா ஒரு கணக்கு. நாலடியக் காணோம்டி" என்றார் என்னிடம். மேனேஜரிடம் கேட்டதற்கு, அந்தக் காலத்துச் சுவர் அப்படித்தான் தடிமனாக இருக்கும் என்று சொல்லிவிட்டார்.

அது ஆடி மாதம், ஒரு சனிக்கிழமை. மலைக்காற்று ஜன்னல் சட்டங்களை அடித்துக்கொண்டிருந்தது. மதுரையிலிருந்து ஒரே தெருவைச் சேர்ந்த பதினேழு பேர் வந்திருந்தார்கள். அவர்களில் தமிழரசி என்ற ஓய்வு பெற்ற நர்ஸ் மேற்கு மாடத்தில் நிற்க முன்வந்தார். அக்கா இன்னும் கிழக்கே போகவில்லை. கூடத்தின் நடுவில், தரைக்கல் எங்கிருந்து வந்தது என்று கேட்ட ஒருவருக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தார். நான் கிழக்கு மாடத்தை ஒட்டித்தான் நின்றேன். மாடம் காலியாக இருந்தது. இதை நான் எங்கு வேண்டுமானாலும் சொல்வேன்.

தமிழரசி அம்மா திரும்பினார். முகம் வெளுத்திருந்தது. "ஏன் மேல போகக்கூடாது?" என்று அக்காவைக் கேட்டார்.

"யாரு சொன்னா?"

"நீங்கதான... இல்ல, உங்க குரல் இல்ல அது. 'மேல வேண்டாம்'னு ஒரு பொம்பள சொன்னாங்க. ரெண்டு தடவ."

யாரோ ஒருவர் சிரித்தார். வேறு யாரும் சிரிக்காததால் பாதியில் நிறுத்திக்கொண்டார். அக்கா தமிழரசி அம்மாவின் கையைப் பிடித்து மெதுவாக வெளியே கொண்டுவந்தார். பிறகு தானே மாடத்துக்குள் போய்ச் சுவரில் காதை வைத்து நின்றார். ஐந்து நிமிடம் இருக்கும். பதினேழு பேரும் அசையவில்லை. மேகம் விலகியபோது சிவப்பு வெளிச்சம் அக்காவின் முதுகில் விழுந்து, நகர்ந்து, சுவரில் ஏறியது. அந்த ஐந்து நிமிடமும் என் பின்கழுத்தில் யாரோ மூச்சுவிடுவதுபோல இருந்தது. அக்கா சொன்னபடி திரும்பிப் பார்த்தேன். யாரும் இல்லை.

அக்கா வெளியே வந்து, "இன்னைக்கு மாடி கெடயாது" என்றார்.

சலசலப்பு எழுந்தது. இவ்வளவு தூரம் வந்தது அந்த ஓவியத்துக்காகத்தானே என்றார்கள். ஒருவர், "பேய்க்குப் பயந்தவங்களை எல்லாம் கைடா வச்சா இப்படித்தான்" என்றார். சத்தம் கேட்டு மேனேஜர் வந்தார்.

"என்னக்கா இது, தெனமும் ஏறுற மாடிதான?"

"ஏறுற மாடிதான். இன்னைக்கு உள்ள ஒரு சத்தம் கேக்குது. என்னன்னு எனக்குத் தெரியல. தெரியாத மாடிக்கு ஆள ஏத்த மாட்டேன்."

"நான் கூட்டிட்டுப் போறேன், நீங்க தள்ளுங்க."

அக்கா படிக்கட்டின் அடிப்படியில் ஏறி, குடையைக் குறுக்கே கைப்பிடியிலிருந்து கைப்பிடிக்கு வைத்துப் பிடித்துக்கொண்டார். "என்னத் தள்ளிவிட்டுட்டுப் போங்க" என்றார். ஐந்தடி உயரம்தான் அவர். முதலில் தமிழரசி அம்மா வாசலைப் பார்த்து நடந்தார். மற்றவர்கள் முணுமுணுத்துக்கொண்டே பின்னால் போனார்கள். மேனேஜர் அக்காவிடம், இனி இங்கே வரவேண்டாம் என்று எல்லார் முன்னாலும் சொன்னார்.

புதன்கிழமை காலை பதினொரு மணிக்கு, நாங்கள் வழக்கமாக மேலே நிற்கும் நேரத்தில், மேற்குப் பக்க உத்தரம் ஒடிந்து நடைமாடியின் பாதி கூடத்துக்குள் விழுந்தது. வாரநாள் என்பதால் உள்ளே யாருமில்லை. பெருக்குகிற அம்மா முற்றத்தில் இருந்தார். அவருக்கும் ஒன்றுமில்லை.

இடிபாடுகளை அள்ளும்போது மேற்கு மாடத்தின் பின்சுவரில் ஒரு பகுதியும் சரிந்தது. அக்கா காணவில்லை என்று சொன்ன நாலடி அங்கே இருந்தது. அது ஒரு குறுகிய படிக்கட்டு. ஒரு காலத்தில் வீட்டுப் பெண்கள் யார் கண்ணிலும் படாமல் மாடிக்குப் போன வழியாக இருக்கலாம். கீழும் மேலும் செங்கல் வைத்து அடைத்திருந்தார்கள். மேலடைப்பு வழியாகப் பல வருடம் மழைநீர் இறங்கி, அங்கே செருகியிருந்த உத்தரத்தின் முனையைத் தின்றிருந்தது. மேனேஜர் நேரில் போய் அக்காவை அழைத்துவந்து காட்டினார். நானும் போனேன்.

படிகளின் ஓரச் சுவரில், இருட்டில் தடவிக்கொண்டு இறங்கியதுபோல, படிக்கு ஒன்றாகக் கைத்தடங்கள் கரி படிந்து இருந்தன. கடைசித் தடம் கீழ் அடைப்புச் சுவரில் சரியாமல் நின்ற பகுதியின் சுண்ணாம்பில் பதிந்திருந்தது. உள்பக்கத்தில்.

"கொத்தன் உள்ள நின்னு பூசிட்டு மேல் வழியா ஏறிப் போயிருப்பான்" என்றார் மேனேஜர்.

"இருக்கும்" என்றார் அக்கா. தன் கையை அந்தத் தடத்தின் அருகே, தொடாமல், விரித்துப் பிடித்தார். அவருடைய சிறிய கையைவிடவும் அது சிறியதாக இருந்தது. கையை மடக்கிக்கொண்டு வெளியே வந்துவிட்டார்.

மாடத்தில் அவருக்கு என்ன கேட்டது என்று நான் பிறகு கேட்டேன். "கொரலு எதுவும் கேக்கலடி. தூக்கத்துல பல்லக் கடிப்பாவல்லா, அது மாதிரி ஒரு சத்தம். விட்டு விட்டு. மரம் பாரந்தாங்காம முனங்குதுன்னு பட்டுது." அப்படியானால் தமிழரசி அம்மா கேட்டது? "அவிய கேட்டது பொய்யில்ல. நான் கேட்டது அது இல்ல. அம்புட்டுத்தான் எனக்குத் தெரியும்."

பழுதுபார்த்துத் திறந்தபோது மேனேஜர் மேற்கு மாடத்தின் அருகே 'பேசும் மாடம்' என்று ஒரு பலகை வைத்திருந்தார். கூட்டம் வரும் என்பது அவர் எண்ணம். திரும்பி வரச் சம்மதித்த அக்கா வைத்த ஒரே நிபந்தனை அந்தப் பலகையை எடுக்க வேண்டும் என்பதுதான். "யாரோ ஒருத்தி உசிரக் காப்பாத்திருக்கா. அவள வச்சு வேடிக்க காட்டவா?" என்றார். காதுக்குள் பேசும் விளையாட்டையும் அதோடு நிறுத்திவிட்டார். ஒருநாள் மட்டும், கூட்டம் வெளியேறிய பிறகு, அவர் கிழக்கு மாடத்தில் சுவரைப் பார்த்து ஏதோ முணுமுணுப்பதைப் பார்த்தேன். என்ன சொன்னீர்கள் என்றேன். "நன்றி சொன்னேன். ஆரு எவருன்னு தெரியாட்டியும் சொல்லணும்லா" என்றார். எதிரே மேற்கு மாடத்தில் கேட்க யாருமில்லை. ஆனாலும் பதிலுக்குக் காத்திருப்பவர் போலச் சற்று நேரம் நின்றுவிட்டுத்தான் வந்தார்.

சுவர் பேசியது என்று சொல்கிறவர்கள் ஒரு நாளை விட்டுவிடுகிறார்கள். சனிக்கிழமைக்கும் புதன்கிழமைக்கும் நடுவே ஒரு செவ்வாய்க்கிழமை இருந்தது. அன்று நான் செட்டியார்பட்டிக்குப் போனேன். மூன்று நாளாக மாடி அப்படியே நின்றுகொண்டிருந்தது. கிழவி பயந்து வேலையை இழந்தாள் என்று ஊரில் சிரித்துக்கொண்டிருந்தார்கள். உள்ளுக்குள் எனக்கும் அப்படித்தான் தோன்றியது. அக்கா பின்வாசலில் சீனியவரைக்காய் ஆய்ந்துகொண்டிருந்தார். சரியாகத் தூங்காத முகம். "மேனேஜர்கிட்ட ஒரு வார்த்தை மன்னிப்புக் கேட்டுருங்கக்கா. அவர் கோபம் நிக்காது" என்றேன்.

அவர் காயை ஆய்வதை நிறுத்தவில்லை. "மன்னிப்புக் கேட்டா பொறவு பாக்க வாரவிய மேல ஏறுவாவல்லா?" என்றார். அடுத்த காயை எடுத்துக்கொண்டே, "எனக்கும் சந்தேகந்தாண்டி. அந்த மாடி இன்னும் நூறு வருசம் நின்னாலும் நிக்கும். அது நின்னாலும், நான் மறிச்சது சரிதான்" என்றார்.

அக்காவைப் பற்றி ஊர் எதை வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளட்டும். எனக்கு அந்தச் செவ்வாய்க்கிழமை போதும்.