தோர்கில் ப்ரூனின் பியானோ மூடி

ரொட்டிக் கடை வரிசையில் நிற்கும்போதே தோர்கில் ப்ரூன் சீட்டியடிக்கத் தொடங்கிவிடுவார். முந்தின நாள் போட்ட மெட்டு. கடைக்கார டோர்தே கறுப்பு ரொட்டியைத் துண்டுபோட்டபடி கேட்பாள். மறுநாள் அது அவள் வாயில் முணுமுணுப்பாக வந்தால் மேடையேறும். வராவிட்டால் எழுதிய தாள் அடுப்புக்குப் போகும்.

"நேத்து அடிச்சீங்களே, அது தலைக்குள்ள ஏறல. மார்கரின் விளம்பரம் மாதிரி இருந்துச்சு" என்பாள். தோர்கிலுக்குக் கோபம் வராது. ரொட்டியில் தடவும் அந்தப் போலி வெண்ணெய்க்கு டென்மார்க்கில் வந்த பாதி விளம்பரங்களுக்கு மெட்டுப் போட்டவர் அவர்தான்.

தொடக்கத்தில் தேவாலயத்தில் ஆர்கன் வாசித்தார். ஒரு சவ அடக்கத்தின்போது நாற்காலி உடைந்து அவர் கீழே விழ, துக்கத்துக்கு வந்தவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். பாதிரியார் வேறு வேலை பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டார். அதன்பின் குளிர்காலமெல்லாம் கோபன்ஹேகனில் சினிமாவில் சிரிப்பு வேடங்கள்: தபால்காரர், கதவிடுக்கில் மாட்டிக்கொள்ளும் போலீஸ்காரர். கோடை வந்தால் இந்தக் கடலோர ஊரின் கூடாரத்தில் நையாண்டி மேடை. எழுத்து, இசை, நடிப்பு எல்லாம் அவரே.

அங்கே அமைச்சர் முதல் துறைமுக அதிகாரி வரை அவர் பாட்டுகளில் வறுபடுவார்கள். வறுபடாதவருக்குத்தான் வருத்தம். இரண்டு கோடையாகத் தன் பெயர் வரவில்லையென்று மேயர் தோர்கிலுடன் பேச்சையே நிறுத்திவிட்டார். ஒவ்வொரு பாட்டு முடிந்ததும் பியானோ மூடி தோர்கிலின் விரல்மேல் படாரென்று விழும். அவர் குதிப்பார், ஊதிக்கொள்வார். கூட்டம் அதற்காகவே காத்திருக்கும்.

இடைவேளைக்கு முன் சிரிப்பில்லாத பாட்டு ஒன்று பாடுவது வழக்கம். எழுதுவது தோர்கில், பாடுவது அவருடைய மேடைத் துணை இங்கெலிஸ். இந்த ஆண்டு அவள் ஓய்வுபெற்றுவிட்டாள்.

"இந்தத் தடவ நீயே பாடு" என்றாள்.

ஒரே ஒருமுறையாவது ஊர் தன்னைச் சிரிக்காமல் கேட்கவேண்டும் என்பது அவருடைய பழைய ஆசை. அவளுக்கு மட்டும் அது தெரியும்.

"என் மூஞ்சியப் பாத்தாலே சிரிப்பாங்களே."

"திரும்பி உக்காந்துக்கோ."

"முதுகப் பாத்தும் சிரிப்பாங்க."

"மூஞ்சிக்கு முதுகு எவ்வளவோ தேவல, கிழவா. பயப்படாம பாடு."

மேடைக்குப் பின்னால் இருட்டில், அவசர அவசரமாக அவர் கோட்டுக்குப் பொத்தான் போட்டுவிட்ட கைகளைப் பற்றித்தான் பாட்டு. யார் கைகள் என்று அதில் இல்லை. மெட்டை வழக்கம்போல் ரொட்டிக் கடையில் சீட்டியடித்தார். மறுநாள் டோர்தே முணுமுணுக்கவில்லை. "இன்னொரு தரம் அடிங்க" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கத்தியைக் கீழே வைத்தாள். முதல்முறையாகத் தன் விதியை மீறி அந்தத் தாளை அவர் வைத்துக்கொண்டார்.

முதல் காட்சியில் அவர்மீது வெளிச்சம் விழுந்ததுமே சிரிப்பு கிளம்பியது. முதல் அடிக்கும் சிரித்தார்கள். மேயர் தொடையில் தட்டிச் சிரித்தார். தோர்கில் நிறுத்தவில்லை, குரலை உயர்த்தவுமில்லை. இரண்டாம் சரணத்தில் சிரிப்பு அங்கங்கே அறுந்தது. மூன்றாவதில் கூடாரத் துணியைக் கடற்காற்று அசைக்கும் சத்தம் மட்டும் கேட்டது. முன்வரிசையில் இங்கெலிஸ் தன் இரு கைகளையும் மடியில் கோத்துவைத்திருந்தாள்.

கடைசி சுரம் ஓய்ந்தது. எல்லோர் கண்களும் பியானோ மூடிக்குப் போயின. மேயரின் வாய் சிரிப்புக்குத் தயாராகப் பாதி திறந்திருந்தது.

தோர்கில் கட்டைகளிலிருந்து விரல்களை ஒவ்வொன்றாக எடுத்தார். மூடியை இரு கைகளாலும் பிடித்து, சத்தமே வராமல் இறக்கிவைத்தார்.