மேடம் பேருக்கு வந்த ரிஜிஸ்டர் தபால்

போலாரத்தில் எங்கள் தெருவுக்கு ரிஜிஸ்டர் தபால் கொண்டுவந்தவர் செகந்திராபாத்திலேயே பிறந்து வளர்ந்த தமிழர். கையெழுத்து வாங்குமுன் பேனாவைத் தன் உள்ளங்கையில் கிறுக்கிப் பார்ப்பார். எழுதினால்தான் நீட்டுவார். மத்தியானத்துக்குள் அந்தக் கை நீலமாகிவிடும்.

ஒருமுறை ஒரு பள்ளிக்கூடத்திலிருந்து என் பேருக்கு வந்த இண்டர்வியூ கடிதத்தை என் கணவரிடம் கையெழுத்து வாங்கிக் கொடுத்துவிட்டார். கணவர் அதை லேப்டாப் பையில் போட்டு மறந்துபோனார். என் கண்ணில் பட்டபோது இண்டர்வியூ முடிந்து நான்கு நாள் ஆகியிருந்தது. வீட்டில் சண்டை போட்ட கையோடு தபால்காரரையும் கேட்டில் நிறுத்தி, "கவர் மேல யார் பேர் இருந்துச்சு?" என்று கேட்டேன்.

இரண்டு மாதம் கழித்து ஒரு சனிக்கிழமை, நான் இண்டர்வியூ போய்வந்த வேறொரு பள்ளிக்கூடத்திலிருந்து எனக்குத் தபால் வந்தது. நான் சப்பாத்திக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தேன். கணவர் வாசலில் போய்க் கையை நீட்டினார்.

"நக்கோ சார், வேணாம். மேடம் வரட்டும்."

"நான் அவ புருஷன்ப்பா."

"தெரியும் சார். அதனாலதான்."

நான் கை கழுவிவிட்டு வரும்வரை படியிலேயே நின்றார். கவரில் இருந்த என் பேரை எழுத்துக்கூட்டிப் படித்து, "நீங்கதானே மேடம்?" என்றார். நான்தான் என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டேன். உள்ளே வேலை உத்தரவு இருந்தது.

அந்த வேலையில் ஒன்பது வருஷம் இருந்தேன். என் பேரை அத்தனை கவனமாகப் படித்தவரின் பேரை ஒருநாளும் கேட்டதில்லை.