காப்பிக் கொல்லை மைதானமும் சேர்மன் நமுகோசேயும்

எங்கள் புவோலெரா ஊரில் கால்பந்து ஆட்டம் நடக்கும் நாளில் அணியின் சேர்மன் நமுகோசே அக்காவை ஓர் இடத்தில் உட்காரவைக்க யாராலும் முடியாது. பந்து இடது பக்கம் போனால் அவரும் கோட்டுக்கு வெளியே இடது பக்கம் போவார். வலது பக்கம் திரும்பினால் அவரும் திரும்புவார். போகிற போக்கில் புல்லைப் பிடுங்கிக் கடித்துத் துப்புவார். எதிரணியை ஒரு கண்ணாலும் அவரை ஒரு கண்ணாலும் பார்த்துக்கொண்டுதான் நாங்கள் ஆடினோம்.

"சேர்மன், கொஞ்சம் உக்காருங்க. எனக்குத் தலை சுத்துது" என்று எங்கள் கோல்கீப்பர் ஒருமுறை கத்தினான்.

"உன் தலை சுத்தறது கிடக்கட்டும். பந்து உன் காலுக்கு நடுவுல வருது பாரு!"

திரும்பிப் பார்ப்பதற்குள் பந்து உள்ளே போய்விட்டது.

அக்காவுக்குத் தொழில் பழைய துணி வியாபாரம். திங்கட்கிழமை ஒரு ஊர்ச் சந்தை, புதன்கிழமை இன்னொன்று. லாரியில் மூட்டைகளின் மேல் ஏறி உட்கார்ந்து போவார். தொண்ணூறுகளின் கடைசியில் எங்கள் பக்கத்துக் காப்பிச் செடிகளில் வாடல் நோய் விழுந்தது. அவர் வீட்டுக்காரர் முகோயா, வீட்டை ஒட்டியிருந்த கொல்லை முழுவதையும் வேரோடு பிடுங்கி எரித்தார். அதுவரை நாங்கள் சாலையில் ஆடிக்கொண்டிருந்தவர்கள். சைக்கிள் டாக்சிக்காரர்கள் எங்களைத் திட்டாத நாள் கிடையாது. பிடுங்கிய மறுவாரமே நாங்கள் கொல்லைக்குள் இறங்கிவிட்டோம். அறுந்த வேர்த்துண்டுகள் அங்கங்கே துருத்திக்கொண்டு நின்றன. கால் விரல் கிழியாமல் வீடு திரும்பியவன் இல்லை.

முகோயா மண்வெட்டியோடு வந்து நின்றார். "மக்காச்சோளம் போடணும், எல்லாரும் வெளிய போங்க."

"போடலாம்" என்றார் அக்கா. "நோய் பிடிச்ச மண்ணு. இந்த ஒரு பருவம் ஆறட்டும்."

அடுத்த பருவமும் அதையே சொன்னார். அதற்கடுத்த பருவமும்.

டீமுக்குச் சட்டை வந்த கதை ஊரே அறிந்தது. ஒரு மூட்டையைப் பிரித்தபோது எல்லாம் ஒரே பச்சையாக இருந்தன. ஏதோ குளிர் தேசத்தில் கடைச் சிப்பந்திகள் போட்டுக் கழித்த பதினாறு சட்டைகள். நெஞ்சில் அவரவர் பெயர் நூலால் தைத்திருந்தது. எனக்குக் கிடைத்ததில் 'அன்னிகா' என்று ஒரு பெண் பெயர் இருந்தது. என் பெயர் பாலிகோவா. கொத்தனார் வேலை செய்கிறேன், மூன்று பிள்ளைகளுக்குத் தகப்பன். இன்றைக்கும் சுவர் கட்டக் கூப்பிடுகிறவர்கள் "அன்னிகா இருக்கானா?" என்றுதான் என் வீட்டு வாசலில் கேட்கிறார்கள்.

சேர்மன் யார் என்று இரண்டு பெரியவர்களுக்குள் சண்டை வந்தது. கேழ்வரகுக் கள்ளுப் பானையைச் சுற்றி உறிஞ்சிக் குடிக்கிற நீளக் குழாய்களை வைத்துக்கொண்டு ஒருவரையொருவர் ஏசிக்கொண்டிருந்தார்கள். அக்கா போய் நடுவில் நின்றார்.

"சட்டை என்னோடது. மண்ணு என்னோடது. அப்புறம் என்ன சண்டை? நானே சேர்மன்."

"பொம்பளை சேர்மனா?" என்றார் ஒருவர்.

"அப்ப உங்க டீமைக் கூட்டிட்டுப் போய் உங்க பானைக்குள்ள ஆடச் சொல்லுங்க."

இப்படித்தான் புவோலெரா யுனைடெட் உருவானது. எட்டு வருடம் மாவட்டத்தின் கடைசிப் பிரிவிலேயே கிடந்தோம். இரண்டாயிரத்து ஏழில் கொஞ்சம் தலை தூக்கினோம். அந்த வருடம்தான் மாவட்டச் சங்கம் ஒரு விதி போட்டது. ஒவ்வொரு அணியிலும் பதினெட்டு வயதுக்குக் கீழே மூன்று பேராவது இறங்க வேண்டும். எங்களிடம் இரண்டு பேர்தான் இருந்தார்கள்.

அப்போது வகாபி கரும்பு வெட்டப் போன இடத்திலிருந்து ஊர் திரும்பியிருந்தான். இருபத்திரண்டு வயது, ஆனால் மீசை கிடையாது, சின்ன உடம்பு. பந்து அவன் காலுக்கு வந்தால் ஒட்டிக்கொள்ளும். அவனுக்கு இசிகோ என்று ஒரு தம்பி இருந்தான். முந்தின வருடம் காய்ச்சல் வந்து நாலே நாளில் போய்விட்டான். இருந்திருந்தால் பதினேழு.

சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். அது அக்காவின் யோசனைதான். எதிர்ப்புச் சொன்னவர்கள் யாரும் இல்லை, நானும் சொல்லவில்லை. வகாபி அம்மாவின் தகரப் பெட்டியைத் திறந்து தம்பியின் ஞானஸ்நானச் சீட்டை எடுத்து வந்தான். நான் கேப்டன் என்பதால் படிவத்தில் நான்தான் எழுதினேன். இசிகோ, பதினேழு வயது, முன்கள ஆட்டக்காரன். வகாபியின் புகைப்படத்தை அதில் ஒட்டினோம்.

முதல் ஆட்டத்திலேயே இரண்டு கோல் போட்டான். வெளியூர்க்காரர்கள் முன்னால் மாட்டிக்கொள்ளக் கூடாது என்று எங்கள் ஆட்களுக்கு அக்கா முன்பே சொல்லிவைத்திருந்தார். அதனால் எல்லாரும் தண்ணீர் கேன்களைத் தட்டிக்கொண்டு "இசிகோ! இசிகோ!" என்று கத்தினார்கள். முதலில் கூச்சமாக இருந்தது. மூன்றாவது ஆட்டத்தில் பழகிவிட்டது.

நான்காவது ஆட்டம். நான் கார்னர் அடிக்கக் காத்திருந்தேன். வகாபி, இசிகோ இருவரின் அம்மா நங்கோபி, தலையில் சர்க்கரைவள்ளிக் கிழங்குக் கூடையோடு சாலையில் போய்க்கொண்டிருந்தார். கூட்டம் கத்தியது. அவர் நின்றார். கூடையை இறக்கித் தரையில் வைத்தார். அக்காவும் பார்த்துவிட்டார். நடந்துகொண்டிருந்த கால் அப்படியே நின்றது. வகாபி மட்டும் கவனிக்கவில்லை, "அடிடா, அடிடா" என்று எனக்குக் கைகாட்டிக்கொண்டிருந்தான்.

நங்கோபி வந்து கத்துவார், மண்ணை வாரித் தூற்றுவார் என்று எதிர்பார்த்தோம். கூடையைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு போய்விட்டார். வீட்டில் என்ன சொன்னார் என்று வகாபியைக் கேட்டோம்.

"ஒண்ணும் சொல்லல. சாப்பாடு போட்டாங்க."

அடுத்த ஆட்டத்துக்கு அவரே வந்தார். கல்யாணத்துக்குக் கட்டுகிற நல்ல உடையைக் கட்டிக்கொண்டு, கோல் கம்பத்துக்குப் பின்னால் தனியாக நின்றார். கைதட்டவில்லை, சிரிக்கவில்லை. முடிந்ததும் போனார். அதற்கடுத்த ஆட்டத்துக்கும் வந்தார்.

அக்காவால் தாங்க முடியவில்லை. இடைவேளையில் நங்கோபியிடம் போய், எங்கள் பக்கத்துப் பெண்கள் வணங்குகிற முறைப்படி மண்டியிட்டுக் கும்பிட்டார். நான் தண்ணீர் குடிக்கும் சாக்கில் பக்கத்தில் நின்றேன்.

"ஏதாவது சொல்லிருங்க. திட்டிருங்க."

"எதுக்குத் திட்டணும்?"

"பேரை எடுத்ததுக்கு."

நங்கோபி மைதானத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "அவன் போனதுலேர்ந்து வீட்டுல யாரும் அவன் பேரைச் சொல்றதில்ல. நான் அழுவேன்னு பயம். இங்க இத்தனை பேர் சொல்றாங்க. கேக்க வரேன். அவ்வளவுதான்."

அன்றிலிருந்து அக்காவின் நடை மாறிவிட்டது. முன்பெல்லாம் பந்தோடு நடப்பார். இப்போது பந்து ஒரு பக்கம், அவர் ஒரு பக்கம். சந்தையில் ஒருவருக்குக் குழந்தைச் சட்டைக்குப் பதில் கால்சட்டையைக் கட்டிக் கொடுத்துவிட்டார் என்று சொன்னார்கள்.

நாங்கள் ஜெயித்துக்கொண்டே இருந்தோம். அரையிறுதி எங்கள் மைதானத்தில், லுவேரா ஊர்க்காரர்களோடு. இரண்டு லாரி நிறைய ஆட்களைக் கூட்டி வந்திருந்தார்கள், வாயும் கூடவே வந்தது. வகாபி முதல் கோல் போட்டதும் கோல் கம்பத்துக்குப் பின்னால் நின்ற அவர்கள் கூட்டம் பாட ஆரம்பித்தது.

"இசிகோ காலை உடைங்கடா! இசிகோவைக் குழி வெட்டிப் பொதைங்கடா!"

இப்படிப் பாடுவது எங்கள் பக்கம் சகஜம். நாங்களும் பாடியிருக்கிறோம். ஆனால் அவர்களுக்கு மூன்றடி தள்ளி நங்கோபி நின்றுகொண்டிருந்தார். திரும்பினார். அந்தக் கூட்டத்தில் சத்தமாகப் பாடிக்கொண்டிருந்த ஒரு தடியனின் எதிரே போய் நின்றார்.

"பொதைச்சாச்சுப்பா" என்றார். "போன வருஷமே பொதைச்சாச்சு. எங்க வாழைத் தோப்புல. வந்து பாக்கறியா?"

அவன் பாட்டை நிறுத்தினான். பக்கத்தில் இருந்தவன், "யாரோ பைத்தியம்டா, விடு" என்று இழுத்தான். அவர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. எங்களுக்குப் புரிந்தது. வகாபிக்கும் கேட்டிருக்க வேண்டும். அதற்குப் பிறகு ஒரு பந்தைக்கூட அவனால் சரியாக நிறுத்த முடியவில்லை. இரண்டுக்கு ஒன்று என்று எப்படியோ ஜெயித்தோம். ஃபைனலுக்குப் போய்விட்டோம். அதில் ஜெயித்தால் மேல் பிரிவு. ஊர் ஆடியது. அக்கா ஆடவில்லை. நங்கோபி போன பாதையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

ஃபைனல் சனிக்கிழமை. வியாழன் காலை நான் ஒரு வீட்டுக்கு அஸ்திவாரம் போட்டுக்கொண்டிருந்தேன். சித்தாள் ஓடி வந்து, "சேர்மன் நல்ல துணி கட்டிக்கிட்டு இகாங்கா பக்கம் போறாங்க" என்றான். வியாழக்கிழமை அங்கே சந்தை இல்லை. மாவட்டச் சங்கத்தின் அலுவலகம்தான் அங்கே இருந்தது. கரண்டியைப் போட்டுவிட்டு ஒரு சைக்கிளை வாங்கிக்கொண்டு மிதித்தேன். சதுப்புப் பாலத்தில்தான் பிடித்தேன். சைக்கிள் டாக்சியின் பின்னால் உட்கார்ந்திருந்தார், கால் ஆடிக்கொண்டே இருந்தது.

"அக்கா, எங்க போறீங்க?"

"உனக்குத் தெரியும்."

"எட்டு வருஷம் அக்கா!"

"எனக்கும் எண்ணத் தெரியும்."

"அந்தம்மாவே ஒண்ணும் சொல்லல. உங்களுக்கு என்ன?"

"அவங்க சொல்லியிருந்தா நான் பதிலுக்குச் சண்டை போட்டிருப்பேன். சண்டை போட்டா முடிஞ்சிரும். இது முடிய மாட்டேங்குது. ஒரு சட்டை மடிக்க முடியல எனக்கு. அந்தப் பையன் செத்துட்டான், பாலிகோவா. நாம அவனை இன்னும் ஓட விட்டுட்டிருக்கோம்."

"சனிக்கிழமை முடிஞ்சதும் போய்ச் சொல்லுங்க. நானே கூட வரேன்."

"ஜெயிச்சப்புறம் யாரு போவா? நீ போவியா? நான் போவேனா?"

சைக்கிள்காரனை முதுகில் தட்டி, "மிதி" என்றார். நானும் பின்னாலேயே போனேன்.

மண்டியிட்டு வணங்கிய அக்காவைப் பார்த்துச் சங்கத்தின் செயலாளர் சந்தோஷமாக, "வாங்க ஃபைனல்காரங்களே" என்றார். அக்கா எழுந்து நின்று எல்லாவற்றையும் சொன்னார். செயலாளர் பேனாவை மூடி வைத்தார்.

"அம்மா, நீங்க சொன்னது என் காதுல விழல. ஊருக்குப் போங்க."

"விழற மாதிரி இன்னொரு தடவை சொல்றேன்."

"எல்லா டீமும் பண்றதும்மா இது!"

"அவங்க வந்து சொல்லட்டும். நான் என்னோடதைச் சொல்றேன். எழுதிக்கங்க."

அவர் என் பக்கம் திரும்பினார். "நீ கேப்டன்தானே? இந்தம்மா சொல்றது நிஜமா?"

இல்லை என்று சொல்லியிருக்கலாம். அந்த ஆளே அதைத்தான் எதிர்பார்த்தார், அவர் முகத்தில் தெரிந்தது. என் கையில் சிமென்ட் காய்ந்துபோய் இழுத்துப் பிடித்தது. அதை உரித்துக்கொண்டே நின்றேன். "நிஜம்தான்" என்று சொன்னேன். ஏன் சொன்னேன் என்று இன்றுவரை எனக்குத் தெளிவில்லை.

எங்கள் வெற்றிகள் எல்லாவற்றையும் ரத்து செய்தார்கள். ஃபைனலில் லுவேரா இறங்கியது. அக்கா ஒரு வருடம் எந்த மைதானத்துக்குள்ளும் கால் வைக்கக் கூடாது என்று உத்தரவு. ஊரில் அவர் முகத்தில் யாரும் விழிக்கவில்லை. வெளியே உலர்த்தியிருந்த துணிகளின் மேல் எவனோ சேற்றை வாரி அடித்தான். ஏழு பேர் டீமை விட்டுப் போனார்கள். உண்மை என்று சொன்னவன் நான், ஆனால் நானும் அவரோடு நான்கு மாதம் பேசவில்லை. வகாபி அந்த வாரமே புகிரிக்குப் போய்விட்டான். அக்காவின் வீட்டு வாசலில் நின்று, "என் தம்பிக்காகப் பண்ணீங்களா, உங்க தூக்கத்துக்காகப் பண்ணீங்களா?" என்று கேட்டுவிட்டுத்தான் போனான்.

நங்கோபியாவது ஆறுதலாக ஏதாவது சொல்வார் என்று அக்கா நினைத்திருப்பார் போல. ஞானஸ்நானச் சீட்டைத் திருப்பிக் கொடுக்கப் போனார். நங்கோபி அதை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார்.

"ஏன் போய்ச் சொன்ன?" என்றார். "இனிமே அவன் பேரை யாரு கூப்பிடுவா?"

இதை அக்காவே என்னிடம் சொன்னார், நாங்கள் மறுபடி பேச ஆரம்பித்த பிறகு. பேசவைத்தது முகோயாதான். ஒருநாள் விதைப்பையோடு மைதானத்தில் இறங்கினார். டீமும் இல்லை, சேர்மனும் உள்ளே வர முடியாது, இனி என்ன என்று கேட்டார். அக்கா உத்தரவை மீறாமல் கோட்டுக்கு வெளியே நின்றபடி என் வீட்டுப் பக்கம் திரும்பிக் கத்தினார்.

"அன்னிகா! கேப்டன்னு ஒருத்தன் இருக்கானா, செத்துட்டானா? எம் மண்ணுல சோளம் முளைக்கப்போவுது!"

நான் போனேன். அன்று மாலையே மிச்சமிருந்தவர்களைக் கூட்டி ஆடினோம், எட்டுப் பேர். அந்த வருடம் முழுவதும் அக்கா தன் சொந்தக் கொல்லைக்குள் வர முடியாமல் அடுக்களை முற்றத்திலிருந்தே எங்களைத் திட்டினார். சோதனைக்கு வந்த சங்கத்து ஆள் கோட்டுக்கும் முற்றத்துக்கும் நடுவில் எத்தனை அடி என்று அளந்து பார்த்தார். "சத்தத்துக்கும் தடை போட்டாங்களா? சீட்டுல எழுதியிருக்கா, காட்டுங்க" என்றார் அக்கா. எழுதியிருக்கவில்லை.

மேல் பிரிவுக்குப் போக இன்னும் ஆறு வருடம் ஆனது. ஒரே பருவத்தில் கீழே வந்துவிட்டோம். இப்போது மறுபடி ஏறப் பார்க்கிறோம். செய்தது சரிதானா என்று ஒருமுறை அக்காவிடம் கேட்டேன். "தெரிஞ்சிருந்தா நிம்மதியா இருந்திருப்பேனே" என்று மட்டும் சொன்னார்.

போன வருடம் புகிரியில் ஒரு பள்ளிக்கூடச் சுவர் வேலைக்குப் போயிருந்தேன். செங்கல் லாரியை ஓட்டிவந்தவன் இறங்கினான், வகாபி. முன்தலை வழுக்கை, தொப்பை. இரண்டு பேரும் சேர்ந்தே கல் இறக்கினோம். சேர்மனைப் பற்றி அவன் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. லாரியில் ஏறி இன்ஜினைப் போட்ட பிறகுதான் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினான்.

"அந்த ஃபைனல்ல நான் ரெண்டு கோல் போட்டிருப்பேன்."

"மூணு" என்றேன்.

கியரைப் போட்டான். "மூணாவது ஆஃப்சைடா இருந்திருக்கும்" என்று சொல்லிவிட்டு லாரியைக் கிளப்பிக்கொண்டு போனான்.